பழைய நேரமோ, புதிய நேரமோ?

அன்று தைப்பொங்கல். காலை எட்டு மணி கழிந்துதான் பேர்ணில் சூரியன் எழும்பினான். குசினி யன்னலைத் திறந்து கிழக்கே பார்த்துப் படைத்துவிட்டு, சூடு ஆறமுதல் ஒரு கிண்ணத்தில் பொங்கலை அள்ளிக்கொண்டு மூன்றாம் மாடிக்கு ஓடினேன். அங்கே தனியாக ஒரு வயதான அம்மா இருந்தா. நான் சுவிசுக்கு வந்து எட்டே மாதம். பொங்கலன்று அயலுக்குக் கொடுக்காமல் எப்படி வாயில் வைப்பது?

கதவைத் திறந்தவ சிரித்தா. ஒரு நிமிடம் என்று உள்ளே போய், சின்ன நாட்குறிப்பேடு ஒன்றோடு வந்தா. "வியாழன் மூன்று மணிக்கு எனக்கு வசதி. உங்களுக்கு?"

கையில் கிண்ணம், அதிலிருந்து ஆவி பறக்கிறது. எனக்குத் தெரிந்த அரைகுறை டொச்சில், அதாவது ஜேர்மன் மொழியில், "சரி" என்றுவிட்டுப் படியிறங்கினேன். அழுகை வந்தது. பொங்கலுக்கும் 'ரெர்மின்' என்று முன்கூட்டியே நேரம் குறிக்கவேண்டிய ஊருக்கு வந்துவிட்டேனே என்று கணவரிடம் சொல்லிச் சொல்லி அழுதேன்.

காலத்தையே கடவுளாக்கி ஒரு நாட்டை எழுப்பினால் அது இப்படித்தான் இருக்கும் என்று அன்று எனக்குப் பட்டது. அந்த நினைப்பு இன்னும் போகவில்லை. பழைய நகரத்து மணிக்கூட்டுக் கோபுரம்தான் அந்த நாட்டின் பெரிய கோயில். 1530இல் காஸ்பார் புறூன்னர் செய்த இயந்திரம் அங்கே இன்னும் ஓடுகிறது. மணி அடிக்கச் சற்றுமுன் சேவல் கூவும், கரடிகள் ஊர்வலம் வரும், நடுவில் தாடிக்காரக் கிழவர் மணற்கடிகாரத்தைத் திருப்புவார். அவர் குரோனோஸ், காலத்தின் உருவம். மகள் சின்னவளாக இருந்தபோது, "அம்மா, இந்தச் சாமிக்கு ஏன் ஒருத்தரும் தேங்காய் உடைக்கேல்லை?" என்று கேட்டாள். எங்கட காலபைரவரின் சொந்தக்காரர் என்று சொல்லி வைத்தேன்.

ஆனால் மூலவர் அங்கே இல்லை, ரயில் நிலையத்தில் இருக்கிறார். ஹான்ஸ் ஹில்ஃபிக்கர் 1944இல் வடிவமைத்த கடிகாரம் அது. அதன் சிவப்பு விநாடி முள் ஐம்பத்தெட்டரை விநாடியில் ஒரு சுற்றை முடித்துவிட்டு, உச்சியில் அப்படியே நிற்கும். தலைமைக் கடிகாரத்தின் சைகை வந்ததும் நிமிட முள் துள்ளும், அதன் பிறகுதான் சிவப்பு முள் நகரும். அந்த ஒன்றரை விநாடியை முதல்முறை கவனித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. யாழ்ப்பாணத்து நல்லூர்க் கந்தன் கோயிலில் திரை விலகமுதல் சனம் எல்லாம் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்குமே, அதே ஒன்றரை விநாடி.

காலத்தைக் கும்பிட எங்களுக்கு ஒருவரும் படிப்பிக்கத் தேவையில்லை. நல்லூரான் நேரம் தவறமாட்டான். மணி கேட்டால் வீட்டுக் கடிகாரத்தைத் திருத்துவோம். ராகு காலம் பார்க்காமல் அப்பா சைக்கிள்கூட வாங்கியதில்லை. இங்கேயும் பார்க்கிறோம், ஆனால் பகலை எட்டாகப் பிரிக்கும் கணக்கு என்பதால் டிசம்பரில் ராகு ஒரு மணித்தியாலத்துச் சொச்சத்தில் போய்விடுவார், ஜூனில் இரண்டு மணித்தியாலம் இருப்பார். சாமிக்கு நேரம் பார்த்தோம், சடங்குக்குப் பார்த்தோம். வீட்டு வாசலுக்கு வருபவருக்கு மட்டும் பார்த்ததில்லை. மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் யாராவது படலையைத் திறந்தால் அம்மா இன்னொரு கோப்பையை எடுத்து வைப்பா. ஏன் வந்தீர்கள் என்ற கேள்வி, சாப்பிட்டு முடிந்தபிறகுதான்.

வியாழன் வந்தது. அதே நாட்டுச் சர்க்கரையும் பயறும் போட்டு, கொஞ்சமாகத் திரும்பவும் பொங்கிக்கொண்டு மூன்று மணிக்கு மேலே போனேன். வெள்ளைத் துணி விரித்த மேசை, இரண்டு கோப்பை, வெட்டிய ஆப்பிள். அவ பொங்கலை மெல்ல மெல்லச் சாப்பிட்டா. ஏலக்காயை நாக்கில் கண்டதும் கண்ணை மூடினா. நடுவில் தொலைபேசி அடித்தது. எடுக்கவில்லை. அடித்து ஓய்ந்தபிறகு என் கையைத் தொட்டு, "இது உங்கள் நேரம்" என்றா. நாலரைக்கு எழும்பினா. அதுவரைக்கும் அந்த வீட்டில் என்னைத் தவிர வேறொன்றும் இருக்கவில்லை.

அதன் பிறகு வியாழன் மூன்று மணி எங்களுடையது. ஒரு வியாழன் அவ 1980ஆம் ஆண்டைப் பற்றிச் சொன்னா. கோடையில் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்தள்ளும் கோடை நேரம் வேண்டாமென்று 1978இல் சுவிஸ் மக்கள் வாக்களித்திருந்தார்கள். சுற்றியுள்ள நாடுகள் எல்லாம் முள்ளைத் திருப்ப, இந்த நாடு அந்தக் கோடை முழுக்கத் தனித்து நின்றதாம். 1981இல்தான் மற்றவர்களோடு சேர்ந்தார்களாம்.

எனக்குச் சிரிப்பு வந்தது, பிறகு தொண்டை அடைத்தது. நான் அவவுக்கு எங்கள் கதையைச் சொன்னேன். 1995இல் இடம்பெயர்ந்து வன்னிக்குப் போய்விட்டோம். 1996 மே மாதம் இலங்கை அரசாங்கம் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்தள்ளியது, ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைத் திருப்பிக் கொடுத்தது. வன்னியை வைத்திருந்த புலிகள் ஏற்கவில்லை. ஆகவே எங்களுக்குப் பழைய நேரம், அங்கால் அரசாங்கப் பக்கத்தில் புதிய நேரம். பாதை திறந்தபிறகு, யாழ்ப்பாணம் போகும்போது முகமாலைச் சோதனைச்சாவடி தாண்டியதும் அப்பா கைக்கடிகாரத்தைக் கழற்றி, கண்ணுக்குக் கிட்டப் பிடித்து, நகத்தால் திருகியை இழுத்து அரை மணித்தியாலம் முன்னுக்கு வைப்பார். திரும்பி வரும்போது பின்னுக்கு. கலியாணவீடோ செத்தவீடோ, யார் எத்தனை மணி என்று சொன்னாலும் முதல் கேள்வி, "பழைய நேரமோ, புதிய நேரமோ?" 2006 சித்திரையில்தான் நாடு முழுக்கப் பழைய நேரத்துக்குத் திரும்பியது.

இப்போது எனக்கும் நாட்குறிப்பேடு உண்டு. உடுப்புத் தோய்க்கும் அறையின் முறை, மகளின் நீச்சல், பல் வைத்தியர் எல்லாம் அதில் இருக்கிறது. பழகிவிட்டேன் என்றுதான் எல்லோருக்கும் சொல்கிறேன். ஆனாலும் கதவு மணி சொல்லாமல் அடித்தால், ஊரிலிருந்து யாரோ வந்துவிட்டார்கள் என்று நெஞ்சு ஒருமுறை ஓடிப்போய்ப் பார்க்கும். தபால்காரர்தான்.

போன ஒக்டோபர் கடைசி ஞாயிறு, குசினிக் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் பின்னுக்கு வைத்துவிட்டு அம்மாவுக்கு எடுத்தேன். இனி மூன்றரை இல்லை, நாலரை மணித்தியால வித்தியாசம் என்றேன்.

"அப்ப உங்க இப்ப பழைய நேரமோ, புதிய நேரமோ?"

"பழைய நேரம், அம்மா."

"அப்ப நல்லது." கொஞ்சம் பேசாமல் இருந்தா. "உனக்கு எத்தினை மணி மட்டும் நேரம் இருக்கு, பிள்ளை?"

அம்மா என்னிடம் அப்படிக் கேட்டது அதுதான் முதல் தடவை. மேசையில் திறந்து கிடந்த நாட்குறிப்பேட்டை மூடினேன்.

"விடியுமட்டும் இருக்கு, அம்மா."

"விசரி," என்று சிரித்தா, "எனக்கு நித்திரை வருது."