திரும்பும் நேரம்

அரிசோனாவின் வடகோடியில், யூட்டா எல்லையை ஒட்டி, பவல் ஏரிப் பக்கம், பேஜ் என்று ஒரு சின்ன ஊர். அங்கே ஆட்களைக் கயாக் என்கிற ஒடுக்கமான துடுப்புப் படகில் கூட்டிக்கொண்டு போய், கேன்யன் என்கிற குறுகலான பாறைப் பள்ளத்தாக்குக்குள் நடக்க வைத்துத் திரும்பக் கொண்டுவந்து விடும் வழிகாட்டி வேலை பார்க்கிறேன் என்றால் நம் ஆட்கள் முதலில் சம்பளத்தைக் கேட்பார்கள், அப்புறம் ‘அதுக்கு முன்னாடி என்ன பண்ணிட்டிருந்தீங்க’ என்பார்கள். பீனிக்ஸ் பக்கம் சாஃப்ட்வேர் என்றதும் ஒரு பெருமூச்சு வரும். அதை விடுங்கள். மூன்றாவதாக ஒன்று சொல்வார்கள்: ‘ஜாலியான வேலைங்க, தினமும் ஏரியில சுத்தலாம்.’ அதற்கு நின்று பதில் சொல்ல முடிந்ததில்லை, இங்கே எழுதிவிடுகிறேன்.

ஏரியில் சுற்ற வழிகாட்டியே வேண்டாம். ஊரிலேயே கயாக் வாடகைக்குக் கிடைக்கிறது, காற்று இல்லாத காலையில் யார் வேண்டுமானாலும் துடுப்புப் போட்டுக்கொண்டு போய்விடலாம், போவதில் ஒரு வித்தையும் இல்லை. எங்களுக்குக் கொடுக்கிற காசு திரும்பி வருவதற்குத்தான். எந்த இடத்தில், எத்தனை மணிக்கு, யாருடைய முகத்தைப் பார்த்து ‘போதும், திரும்பலாம்’ என்று சொல்வது என்பதற்கு. காசு கொடுத்தவர்களுக்கு ரொம்பப் பிடிக்காத வாக்கியமும் அதுதான்.

வேலை கடிகாரச் சண்டையோடு ஆரம்பிக்கும். அரிசோனா கோடையில் நேரத்தை மாற்றுவதில்லை. யூட்டா ஒரு மணி நேரம் முன்னால் தள்ளிவைக்கும். ஏரியின் தெற்குக் கரை நவஹோ நாடு, அமெரிக்காவுக்குள்ளேயே தங்களுக்கென்று அரசு வைத்திருக்கும் பழங்குடி மக்களின் நிலம்; அரிசோனாவுக்குள் இருந்தாலும் அவர்களும் தள்ளிவைப்பார்கள். நாங்கள் இறங்கும் ஆன்டிலோப் பாயின்ட் படகுத்துறையில் நின்றால் போன் எந்தக் கோபுரத்தைப் பிடிக்கிறதோ அந்த நேரத்தைக் காட்டும். ஒரே குடும்பத்தில் அப்பா போனில் ஆறரை, மகள் போனில் ஏழரை. ‘ஒரு மணி நேரம் லேட்டாக்கிட்டீங்க’ என்று கோபமாக வருகிறவர்களும் உண்டு, ஒரு மணி நேரம் முன்னாலேயே வந்து இருட்டில் காருக்குள் தூங்குகிறவர்களும் உண்டு.

அப்புறம் படகுத்துறையில் ஒரு கால் மணி நேரப் பேச்சு. லைஃப் ஜாக்கெட்டை எப்படி மாட்டுவது, துடுப்பை எந்தப் பக்கமாகப் பிடிப்பது என்றெல்லாம் வாய் தன்பாட்டுக்குச் சொல்லிக்கொண்டிருக்கும், கண் வேறு கணக்குப் போடும். யார் ஜீன்ஸ் போட்டு வந்திருக்கிறார், யார் கையில் ஒரே ஒரு அரை லிட்டர் பாட்டில், யார் தேவைக்கு அதிகமாகச் சிரிக்கிறார். பயந்தவர்கள் சத்தமாகச் சிரிப்பார்கள், இது நான் இங்கே வந்து கற்றுக்கொண்டது. ‘எல்லாருக்கும் நீச்சல் தெரியுமா?’ என்று பொதுவாகக் கேட்டால் கூட்டமாகத் தலையாட்டுவார்கள், அதனால் அப்படிக் கேட்பதில்லை. ஜாக்கெட் வாரை இழுத்துக் கட்டிவிட்டுத் தோள் பக்கம் இரண்டையும் பிடித்து மேலே தூக்கிப் பார்ப்பேன். காது வரைக்கும் ஏறினால் வார் தளர்வு என்று அர்த்தம், மறுபடி இறுக்க வேண்டும். அப்படி நெருங்கி நிற்கிற நேரத்தில் மெதுவாகக் கேட்டால் மெதுவாகவே பதில் வரும்: ‘தெரியாது.’ சரி, அவர் கயாக் எனக்குப் பக்கத்திலேயே வரட்டும் என்று அப்போதே முடிவாகிவிடும்.

இரண்டு பேர் உட்காரும் கயாக்கை வழிகாட்டிகள் ‘டிவோர்ஸ் போட்’ என்பார்கள். முன்னால் இருப்பவர் தாளத்துக்குத் துடுப்புப் போட வேண்டும், பின்னால் இருப்பவர் அந்தத் தாளத்தோடு சேர்ந்து திசையையும் பார்த்துக்கொள்ள வேண்டும். நடப்பது என்னவென்றால் பின்னால் இருக்கும் கணவர் கட்டளை போடுவார், முன்னால் இருக்கும் மனைவிக்கு அவர் என்ன செய்கிறார் என்றே தெரியாது, கயாக் வட்டம் போடும். வெயிலுக்காக மூக்கு வரைக்கும் துணியால் மூடி, தொப்பி, கறுப்புக் கண்ணாடி என்று இருப்பதால் நான் யார் என்று பலருக்கும் தெரியாது. ஒரு தம்பதி பாதி ஏரியைக் கடக்கும் வரை மாமியார் விவகாரம் மொத்தத்தையும் நல்ல தமிழில் பேசித் தீர்த்தார்கள். கரையில் இறங்கும்போது ‘பார்த்துக் கால் வைங்க’ என்றேன். அதற்கப்புறம் அவர்கள் ஆங்கிலத்துக்கு மாறிவிட்டார்கள்.

பவல் ஏரி என்கிறோமே தவிர இது கொலராடோ ஆற்றின் குறுக்கே கட்டிய கிளென் கேன்யன் அணையின் நீர்த்தேக்கம். 710 அடி உயர அணை. 1963 மார்ச்சில் மதகை மூடி நீரைத் தேக்க ஆரம்பித்தார்கள், முதன்முறை நிரம்பியது 1980-ல். பேஜ் ஊரே அணை கட்ட வந்தவர்களுக்காக 1957-ல் போட்ட குடியிருப்புதான். கடல் மட்டத்திலிருந்து 3,700 அடி என்பது முழு நீர்மட்டம்; 2023 ஏப்ரலில் அது 3,520 அடிக்கும் கீழே போனது. அந்தக் கோடையிலேயே மலைப்பனி உருகி ஏறத்தாழ 60 அடி ஏறவும் செய்தது. சிவந்த மணற்கல் சுவரில் பழைய மட்டம் வரைக்கும் வெள்ளையாகக் கால்சியம் படிந்த பட்டை தெரியும், வருகிறவர்கள் அதைத்தான் முதலில் படம் எடுப்பார்கள். எனக்கு அதில் இருக்கிற சிக்கல் வேறு. போன மாதம் கயாக்கை இழுத்து ஏற்றிய மணல்திட்டு இந்த மாதம் தண்ணீருக்குள் இருக்கும். நீர் இறங்கினால் வண்டல் வெளியே வரும், மேலே காய்ந்து வெடித்துத் தரை மாதிரியே இருக்கும், கால் வைத்தால் முழங்கால் வரை உள்ளே இழுக்கும். அதனால் எத்தனை முறை போன இடமாக இருந்தாலும் நான் முதலில் இறங்கித் துடுப்பால் குத்திப் பார்த்துவிட்டுத்தான் மற்றவர்களை இறக்குவேன்.

ஒரு ஆகஸ்ட் காலையில் பீனிக்ஸிலிருந்து ஒரு தமிழ்க் குடும்பம் வந்தது. மகன், மருமகள், பேரன், கூடவே ஊரிலிருந்து வந்திருந்த அப்பா. அவர் பொதுப்பணித் துறையில் பொறியாளராக இருந்து ஓய்வுபெற்றவர். பேரனை முன்னால் உட்கார வைத்துக்கொண்டு, சின்ன வயதில் பரிசல் போட்ட கை என்று சொல்லிக்கொண்டு, யாருக்கும் முந்தாமல் பிந்தாமல் வந்தார். பாறையைப் பார்க்கவே இல்லை, வெள்ளைப் பட்டையைத்தான் பார்த்தார். “தம்பி, ஃபுல் லெவல்ல எத்தனை டிஎம்சி?”

“இங்க ஏக்கர்-அடிக் கணக்கு சார். சுமார் இரண்டரைக் கோடி ஏக்கர்-அடி.”

துடுப்பை மடியில் வைத்துவிட்டு மனக்கணக்குப் போட்டார். “ஆயிரத்து நூறு டிஎம்சி பக்கம் வருது. நம்ம மேட்டூர் 93.47. அப்ப பதினொரு மேட்டூருக்கு மேலயே.” அப்புறம் டெட் ஸ்டோரேஜ் எவ்வளவு என்று கேட்டார். 3,490 அடிக்குக் கீழே போனால் மின்சாரம் எடுக்க முடியாது, 3,370-க்குக் கீழே போனால் அணையிலிருந்து தண்ணீரே இறங்காது என்றேன். மேட்டூரில் நீர் இறங்கினால் பண்ணவாடி நந்தியும் சர்ச் கோபுரமும் வெளியே வருமே, அதைப் பேரனுக்குச் சொல்ல ஆரம்பித்தார். இங்கேயும் முழுகிப்போயிருந்த கிரிகோரி பாலம் என்ற இயற்கைப் பாறை வளைவு, நீர்மட்டம் சரிந்த இந்த வருடங்களில் மறுபடி தலைகாட்டியது என்று சொன்னதும், அங்கே போகலாமா என்றான் பையன். அது இங்கிருந்து ரொம்ப தூரம்.

கேன்யனுக்குள் நுழைந்து, தண்ணீர் முடிகிற இடத்தில் கயாக்குகளை வரிசையாகக் கட்டிவிட்டு, காய்ந்த ஓடைப் படுகையில் நடக்க ஆரம்பித்தோம். மேலே நவஹோ நிலம், அங்கே நடக்க அவர்கள் அனுமதி வேண்டும். சுவர்கள் போகப் போக நெருங்கி வரும், வானம் தலைக்கு மேலே ஒரு பட்டையாகச் சுருங்கிவிடும், போனில் சிக்னல் கிடையாது. இந்த இடத்தைப் பற்றிப் படகுத்துறையிலேயே ஒன்று சொல்லிவிடுவேன். 1997 ஆகஸ்ட் 12-ம் தேதி இதே ஓடையின் மேல்பகுதியில், லோயர் ஆன்டிலோப் கேன்யனில், காட்டாற்று வெள்ளம் வந்து 11 சுற்றுலாப் பயணிகள் இறந்துபோனார்கள். மழை பெய்தது பல மைல் தள்ளி. ஆகவே பதினொரு மணி அல்லது தெற்கே உயரமாக எழும்பும் மேகம், இரண்டில் எது முதலில் வருகிறதோ அப்போது திரும்பிவிடுவோம், இதில் பேச்சுக்கே இடமில்லை என்று சொல்லித்தான் கூட்டிவருவது. அங்கே எல்லாரும் சரி சரி என்பார்கள்.

பத்தரை மணிக்கு ஒரு வளைவில் தெற்கு வானம் கொஞ்சம் திறந்தது. வெள்ளையாக ஒன்று எழும்பிக்கொண்டிருந்தது, அடிப்பக்கம் கறுப்பு.

“திரும்பலாம்” என்றேன்.

மகன் சுற்றுமுற்றும் பார்த்தார். நல்ல வெயில், காற்று கூட இல்லை. “ப்ரோ, நீங்க நம்மாளுதானே, இன்னும் ஒரு பத்து நிமிஷம். நல்ல இடமே இனிமேதான் வரும்னு யூடியூப்ல பார்த்தேன்.” மருமகள் ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் முகம் சொன்னது. பையன் அழத் தயாரானான். அப்பாதான் கேட்டார், “இதுக்கு நீர்ப்பிடிப்பு எந்தப் பக்கம் தம்பி?” தெற்கே கையைக் காட்டினேன். மேகத்தைப் பார்த்தார், கால் கீழே இருந்த மணலைப் பார்த்தார். “நடங்கடா” என்று பேரன் கையைப் பிடித்துக்கொண்டு முன்னால் போய்விட்டார். மகனுக்கு வேறு வழியில்லை.

திரும்பும் வழியில் காற்று எழும்பியது. அகலம் குறைந்த கால்வாயில் ஹவுஸ்போட் ஒன்று கடந்தால் அதன் அலை இரண்டு பக்கச் சுவரிலும் மோதித் திரும்பி வந்து கயாக்கை நாலு பக்கமும் ஆட்டும், பக்கவாட்டில் காட்டாமல் அலைக்கு நேராக மூக்கைத் திருப்ப வேண்டும் என்று கத்திக்கொண்டே வந்தேன். நனைந்தார்கள், கவிழவில்லை.

மழையா? வரவில்லை. அந்த மேகம் கிழக்கே எங்கேயோ போய்க் கரைந்துவிட்டது. ஓடையில் ஒரு சொட்டு இறங்கவில்லை. பெரியவர் கிளம்பும்போது கல்யாண வீட்டில் மொய் கொடுக்கிற மாதிரி மடித்த நோட்டைக் கைக்குள் வைத்து அழுத்திவிட்டுப் போனார். மகன் இரண்டு நாள் கழித்து அலுவலகத்துக்கு எழுதினார், தலைக்கு இவ்வளவு என்று கட்டியும் பாதியிலேயே திருப்பிவிட்டார்கள் என்று. பாதிப் பணத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். மேலாளர் என்னைக் கூப்பிட்டு, ரேடார் படத்தில் அன்றைக்கு ஒன்றும் பெரிதாக இல்லையே என்றார். கேன்யனுக்குள் என்னிடம் ரேடார் இல்லை, கண்தான் இருந்தது என்றேன். அதற்கு அவர் ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் அந்த வாரம் முழுக்க எனக்குக் கயாக் கழுவும் வேலை. குவாகா சிப்பி என்று ஒரு வேண்டாத உயிரினம் இந்த ஏரியில் பரவியிருக்கிறது, வேறு நீர்நிலைக்குப் போய்விடக் கூடாதென்று ஏரியை விட்டுப் போகிற படகில் ஒரு சொட்டுத் தண்ணீர் தங்கக் கூடாது. எரிச்சலாகத்தான் இருந்தது. அதே மேகத்தை நாளைக்குப் பார்த்தாலும் திரும்பத்தான் போகிறேன், அது வேறு விஷயம்.

கோடை விடுமுறைக்கு இந்தப் பக்கம் வருகிறவர்களுக்குக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். காலை முதல் குழுவிலேயே சேருங்கள், பிற்பகலில் காற்றும் இடியும் சேர்ந்து வரும். தண்ணீர் மட்டும் குடித்துக்கொண்டே இருந்தாலும் ஆபத்து, உடம்பில் உப்புக் குறைந்து குமட்டலும் தலைசுற்றலும் வரும். நான் பார்த்ததிலேயே ஒழுங்காகத் தயாராக வந்தவர் எலுமிச்சை ஊறுகாய் டப்பாவோடு வந்த ஒரு அம்மாதான். கரையில் பையை வைத்துவிட்டு நடக்காதீர்கள், இங்கே அண்டங்காக்கை ஜிப்பைத் திறக்கும். நீச்சல் தெரியாது என்றால் தெரியாது என்று சொல்லுங்கள், யாரும் சிரிக்க மாட்டார்கள். பணம் கட்டும் முன்பே எத்தனை மணிக்குத் திரும்புவீர்கள், என்ன பார்த்தால் திரும்புவீர்கள் என்று கேட்டுவிடுங்கள், ‘அதெல்லாம் அங்க போய்ப் பார்த்துக்கலாம்’ என்று பதில் வந்தால் வேறு ஆளைப் பாருங்கள். ஜீன்ஸ் மட்டும் வேண்டவே வேண்டாம்.