கசகசாவும் பாஸ்கெட்பாலும்

மே மாசம் பொறந்ததுல இருந்து எங்க வீட்ல வெளுப்புக்கு நாலரைக்கெல்லாம் ரெண்டு பேரு முழிச்சு கெடக்கோம். அப்பா நெத்தியில லைட்ட கட்டிக்கிட்டு ரப்பர் வெட்ட தோட்டத்துக்கு போவாவ, நான் திண்ணையில போர்வைய மூடிக்கிட்டு போன்ல பொம்பளைங்க பாஸ்கெட்பால் பாப்பேன். டொராண்டோவுல ராத்திரி ஏழு மணிக்கு மேட்ச்னா இங்க குலசேகரத்துல காலைல நாலரை. மழை பெஞ்சா வெட்டு கிடையாதுலா, அன்னைக்கு அப்பாவும் கட்டஞ்சாயாவோட பக்கத்துல வந்து உக்காந்துருவாவ.

நான் பாக்குறது டபிள்யூஎன்பிஏ. 1997ல எட்டு டீமோட தொடங்குன லீக், எட்டும் அமெரிக்காவுலதான். வெளிநாட்டுல இருந்து ஒரு டீம் உள்ள வர 2026 ஆயிட்டு, அதுதான் டொராண்டோ டெம்போ. நம்ம செரீனா வில்லியம்ஸும் அதுல ஒரு பங்கு வாங்கியிருக்கா. அதே வருஷம் போர்ட்லேண்டும் வந்து இப்ப மொத்தம் 15 டீம். எங்க மைனி முன்ன குவைத்துல இருந்தாவ, இப்ப டொராண்டோவுல ஸ்கார்பரோங்கிற ஏரியாவுல நர்ஸா இருக்காவ, அதனால டெம்போ எனக்கு என்னமோ சொந்தக்கார டீம் மாதிரி ஆயிட்டு. அந்த ஏரியா முழுக்க யாழ்ப்பாணத்து ஆளுங்க, தமிழ் பேசிக்கிட்டே மார்க்கெட் போய் வரலாம்னு மைனி சொல்லுவாவ.

முத நாள் மழையில அப்பா கேட்ட முத கேள்வி, "இதுக்கெல்லாம் சம்பளம் உண்டா மக்ளே?"

உண்டு. ஆனா அந்த கதைய சொல்ல எனக்கு ரெண்டு மழை வேண்டியிருந்துச்சு. 2024ல கெய்ட்லின் கிளார்க்னு ஒரு பிள்ளை, காலேஜ்ல ஆடும்போதே அமெரிக்கா முழுக்க பேரெடுத்தவ, டீமுங்க புது ஆளுங்கள வரிசையா தேர்ந்தெடுக்குற டிராஃப்ட்ல முத ஆளா எடுத்தாங்க, முத வருஷ சம்பளம் 76,535 டாலர். நம்ம காசுல அறுபது லட்சத்துக்கு மேல வரும்னு சொன்னதும் அப்பா, "அது போராதா?"ன்னு கேட்டாவ. ரப்பர் ஷீட்டு கிலோ வெலையில கணக்கு போடுற மனுஷனுக்கு அப்படித்தான தோணும். ஆனா அதே வருஷம் ஆம்பளைங்க லீக்ல முத ஆளா எடுத்த பையனுக்கு கோடி டாலருக்கு மேலன்னு சொன்னேன், கொஞ்ச நேரம் சத்தமே இல்ல, சாயா குடிக்கிற சத்தம் மட்டுந்தான்.

இதுல எனக்கு பிடிபட்ட விஷயம் என்னன்னா, அந்த பிள்ளைங்க வாழ்க்கை அப்படியே நம்ம ஊரு கல்ஃப் வாழ்க்கைதான். நம்ம ஊர்ல ஒரு பொண்ணு நர்சிங் முடிச்சா இங்க உள்ள ஆஸ்பத்திரி சம்பளத்துல லோன் அடைக்க முடியாது, குவைத்துக்கோ சவுதிக்கோ போவா. அங்க டபிள்யூஎன்பிஏ சீசன் மே மாசம் தொடங்கி அக்டோபருக்குள்ள முடிஞ்சிரும், மிச்ச மாசத்துல பெட்டிய கட்டிக்கிட்டு ரஷ்யா, துருக்கி, சீனான்னு போயி ஆடுவாங்க. பல பேருக்கு ஊர் சம்பளத்த விட அங்க நாலு மடங்கு, அதுக்கு மேலயும் கெடச்சுட்டு இருந்துச்சு. டயானா டவுராசின்னு ஒருத்தி, அந்த லீக்கோட பெரிய கை, 2015ல ஒரு சீசன் முழுக்க அமெரிக்காவுல ஆடவே இல்ல. அடிபட்டதுனால இல்ல. ரஷ்யாவுல எகதெரின்பர்க் கிளப், நீ அங்க ஆடாம ரெஸ்ட் எடு, அந்த காசயும் நாங்க தாறோம்னு சொல்லிட்டான்! ஊர் வேலைக்கு லீவு போட வைக்கதுக்கு கல்ஃப் மொதலாளி சம்பளம் குடுத்த கதை எங்கயாவது கேட்டிருக்கியளா?

யூரோப்புல உள்ளது வேற மாதிரி. யூரோலீக் விமன்னு பேரு, ஒவ்வொரு நாட்டு கிளப்பும் வந்து மோதும், அதோட வேர் 1958ல இருந்தே இருக்கு. லாட்வியா நாட்டு ரீகா கிளப் பதினெட்டு தடவ கப் அடிச்சிருக்கு, அதுல உல்யானா செம்யோனோவான்னு ஏழடி பொண்ணு ஒருத்தி. போட்டோ பாருங்க, பக்கத்துல நிக்கிறவளுவ எல்லாம் ஸ்கூல் பிள்ளையளா தெரியும்.

இனி கசகசா.

மைனி முத தடவ குவைத்துக்கு போகும்போது எங்கம்மை பெட்டிய மூணு தடவ பிரிச்சு அடுக்குனாவ. நேந்திரம் சிப்ஸ், மாங்கா ஊறுகாய், கருவாடு, எல்லாம் போச்சு. மசாலா பொட்டலத்துல கசகசா இருக்கான்னு பக்கத்து வீட்டு அண்ணன் வந்து மோந்து மோந்து பாத்தாரு, ஏன்னா கல்ஃப்ல அத போதைப்பொருள் கணக்குல வச்சிருக்கான், கோழிக்கறிக்கு போடுற சாமானுக்காவ ஜெயிலுக்கு போனவங்க உண்டு. ஓர்மையிருக்கு, அம்மை கடைசில கரம் மசாலாவயே வெளிய எடுத்து வச்சிட்டாவ.

2022ல டபிள்யூஎன்பிஏ ஆட்டக்காரி பிரிட்னி கிரைனர் பிப்ரவரியில மாட்டுன செய்தி வந்தப்ப எனக்கு அந்த பெட்டிதான் கண்ணுல வந்துச்சு. ஆறடி ஒன்பது அங்குலம், அப்பவே ஒலிம்பிக் தங்கம் ரெண்டு. எகதெரின்பர்க்ல ஆட திரும்ப போறா, மாஸ்கோ ஏர்போர்ட்ல பெட்டிய சோதிச்சா வேப்ல, அதான் கரண்டு சிகரெட்டுல, கஞ்சா எண்ணெய். அவ ஊர்ல டாக்டர் எழுதிக்குடுத்த மருந்து, அங்க குத்தம். ஒன்பது வருஷம் தண்டனை போட்டான். டிசம்பர்ல ஆயுத வியாபாரி ஒருத்தன விட்டுட்டு இவள கூட்டிட்டு வந்தாங்க. அவசரத்துல பெட்டி கட்டுனேன்னு கோர்ட்ல சொன்னா. அவ ஏன் அங்க போனான்னு நெட்ல திட்டுனவங்க நிறைய. நம்ம மாவட்டத்துல யாரும் அந்த கேள்வி கேக்க மாட்டாங்க, ஏன் போனான்னு நமக்கு தெரியும்.

உக்ரைன் போர் தொடங்குனதும் 2022ல ரஷ்ய கிளப்புகள யூரோப் போட்டியில இருந்து வெலக்கிட்டாங்க. அந்த காசு நின்னுட்டு. துருக்கியில ஃபெனர்பாஷே கிளப் 2023லயும் 2024லயும் கப் அடிச்சுச்சு. அமெரிக்காவுலயே பிரியானா ஸ்டூவர்ட்டும் நபீசா காலியரும் சேந்து 2025ல அன்ரைவல்டுன்னு ஒரு பக்கம் மூணு பேரு மட்டும் ஆடுற லீக் ஒண்ணு தொடங்குனாங்க, தணுப்பு காலத்துல ஊர விட்டு போகாண்டாம்னு. அதே வருஷம் லீக்கோட பெரிய ஆட்டக்காரிங்க ஆடுற ஆல்ஸ்டார் மேட்ச்ல எல்லாரும் "எங்களுக்கு தரவேண்டியத தாங்க"ன்னு எழுதுன டீ-ஷர்ட்டோட கோர்ட்ல எறங்குனாங்க. கொள்ளாம்னு சொன்னாவ அப்பா, சங்கத்துல இருந்த ஆளுலா. இன்னொண்ணு சொல்லணும், 2021ல நியூயார்க் டீம் ஓனர் தன்னோட டீம் பிள்ளைகள தனி ஃப்ளைட்ல கூட்டிட்டு போனதுக்கு லீக் 5 லட்சம் டாலர் ஃபைன் போட்டுச்சு. மத்த டீம் எல்லாம் சாதா ஃப்ளைட்ல போகும்போது நீ மட்டும் எப்படின்னு. 2024லதான் எல்லாருக்கும் தனி ஃப்ளைட்.

நானும் ஸ்கூல் டீம்ல பாயிண்ட் கார்டுதான், நாகர்கோவில்ல. எங்களுக்கு இருந்தது ஒரே பந்து, அதுவும் ஆம்பளை பிள்ளைங்க ஆடுற ஏழாம் நம்பர். பொம்பளைங்களுக்கு ஆறாம் நம்பர், சுத்தளவு 28.5 இஞ்ச், அவங்களுத விட ஒரு இஞ்ச் கொறைவுன்னு எனக்கு தெரியவே முப்பது வயசாயிட்டு. பந்து கையில நிக்காதது என் கையோட குத்தம்னு எத்தன வருஷம் நெனச்சேன்! பி.டி. சார் கேட்டா, "பந்துல என்ன பிள்ளே ஆணும் பெண்ணும்"னு சொல்லிருப்பாரு.

எங்களுக்கு அப்ப அமெரிக்காவெல்லாம் கனவுலயும் வராது. நல்லா ஆடுனா ரயில்வேயில ஸ்போர்ட்ஸ் கோட்டா, அதுதான் சொர்க்கம். சென்னை அனிதா பால்துரையும் சதர்ன் ரயில்வேதான், புள்ளை பெத்துட்டு திரும்பி வந்து இந்தியாவுக்கு ஆடுனவ, 2021ல பத்மஸ்ரீ. பரசுராம் எக்ஸ்பிரஸ்ல ஏறி உக்காந்தா கோட்டயம் வருமில்லா, கீது அன்னா ஜோஸ் அந்த பக்கம். அவளும் சதர்ன் ரயில்வே. ஆஸ்திரேலியாவுல ரிங்வுட் கிளப்புக்கு ஆடுனா, 2011ல மூணு டபிள்யூஎன்பிஏ டீம் டிரையவுட்டுக்கு, அதான் ஆட வச்சு பாத்து ஆளெடுக்குறதுக்கு, கூப்பிட்டுச்சு. எடுக்கல. எடுத்திருந்தா நாங்க பத்து பதினஞ்சு வருஷம் முன்னாடியே நாலரைக்கு முழிச்சிருப்போம்.

போன வாரம் நல்ல மழை. அப்பா கட்டஞ்சாயாவோட வந்து உக்காந்தாவ, ரெண்டாவது குவார்ட்டர் ஓடிட்டு இருந்துச்சு. ரொம்ப நேரம் பாத்துட்டு கேட்டாவ, "சீசன் முடிஞ்சா இவளுவ எங்க போவாளுவ?" துருக்கி, சீனான்னு சொன்னேன். "அப்ப ஊர்ல எப்ப இருப்பாளுவ?"ன்னாவ. மைனி குவைத்துல இருந்த ஒன்பது வருஷத்துல ஊருக்கு வந்தது நாலே தடவ, அதுல ஒண்ணு எங்க பாட்டி அடக்கத்துக்கு. நான் பதில் சொல்லல. மழை விட்டுட்டு, ஆனா மரத்துப் பட்டை காயணும்லா, அதனால அப்பா கடைசி குவார்ட்டர் வரைக்கும் இருந்து பாத்தாவ.