707-இன் எண்களைப் படிக்கும்போது

இரண்டாம் உலகப் போர்க்கால ஜெர்மன் காலாட்படை டிவிஷன் (பல ஆயிரம் பேர் கொண்ட பெரும் படைப்பிரிவு) ஒன்றின், உதாரணமாக 707-வது டிவிஷனின், வரலாற்றை எழுத வருபவர் முதலில் அதன் போர் நாட்குறிப்பைத்தான் தேடுவார். அது ஃப்ரைபர்கில் உள்ள ராணுவ ஆவணக் காப்பகத்தில் ஆர்ஹெச் 26 என்ற வரிசையில் இருக்கும். அமெரிக்கர்கள் போரில் கைப்பற்றியவை டி-315 என்ற மைக்ரோஃபிலிம் வரிசையிலும் கிடைக்கும். பலரும் நாட்குறிப்பை மட்டும் படித்துவிட்டு எழுதத் தொடங்கிவிடுகிறார்கள். அது மேலதிகாரி பார்ப்பார் என்று தெரிந்தே எழுதப்பட்டது. உண்மை பெரும்பாலும் இணைப்புகளில்தான் இருக்கும்: உத்தரவுகள், பத்து நாளுக்கொருமுறை போன இழப்புக் கணக்குகள், மாத அறிக்கைகள்.

ஆள் எண்ணிக்கையில் இன்னும் கவனம் வேண்டும். சாப்பாட்டுக் கணக்கில் இருப்பவர்கள், சண்டைப் பிரிவுகளில் இருப்பவர்கள், பதுங்குகுழியில் துப்பாக்கியோடு நிற்பவர்கள் என்று மூன்று கணக்குகள் உண்டு. முதல் கணக்கில் ரொட்டி சுடுபவரும் குதிரை மருத்துவரும் சேர்த்தி. ஒரு மாதம் முதல் கணக்கையும் அடுத்த மாதம் மூன்றாவதையும் எடுத்தால், நடக்காத பேரழிவு ஒன்று நடந்ததாகத் தெரியும்.

‘டிவிஷன்’ என்ற பெயரும் ஏமாற்றும். ஜெர்மனி தன் டிவிஷன்களைக் கட்டம் கட்டமாகத் திரட்டியது; ஒவ்வொரு கட்டத்துக்கும் ‘அலை’ என்று பெயர். 1939-இல் முதல் அலையில் திரட்டப்பட்ட டிவிஷனில் மூன்று ரெஜிமென்ட்கள் (டிவிஷனின் உட்பிரிவுகள்), 17,000-க்கு மேல் ஆட்கள். 1941 மே மாதம் பதினைந்தாம் அலையில் உருவான 707-வது டிவிஷனில் 727, 747 என்று இரண்டே ரெஜிமென்ட்கள். வயதில் மூத்தவர்களே அதிகம். பிடித்த நாட்டைக் காவல் காக்கத்தான் அதை உருவாக்கினார்கள். பெலாரஸுக்குப் போனபோது அதன் தளபதி பெக்டோல்ஸ்ஹைம்.

1941 அக்டோபர் 11 முதல் நவம்பர் 11 வரையான ஒரு மாதத்துக்கு அந்த டிவிஷன் கொடுத்த கணக்கு: பிடிபட்டவர்கள் 10,940 பேர், அவர்களில் சுட்டுக் கொல்லப்பட்டவர்கள் 10,431 பேர், சொந்தத் தரப்பில் இறந்தவர்கள் 2, காயம்பட்டவர்கள் 5. சுட்டுக் கொல்லப்பட்டவர்களை ‘பார்ட்டிசான்கள்’ (மறைந்து தாக்கும் கெரில்லாக்கள்) என்ற தலைப்பில் வைத்திருந்தார்கள். ஆயுதம் ஏந்திய பத்தாயிரம் பேரோடு சண்டை போட்ட படையில் இரண்டே பேர் இறப்பது நடக்காது. கொல்லப்பட்டவர்களில் பெரும்பாலோர் ஆயுதமில்லாத மக்கள்; அவர்களில் யூதக் குடும்பங்கள் ஏராளம். எதிரி இழப்பை ஒரு பக்கத்திலும் சொந்த இழப்பை வேறொரு பக்கத்திலும் எடுத்து எழுதும்போது இந்தக் கொலைகள் ‘சண்டை’யாகவே புத்தகத்தில் ஏறிவிடுகின்றன. இரண்டு எண்களையும் ஒரே வரியில் வைத்தாக வேண்டும்.

டிவிஷனின் சொந்த அமைப்புப் பட்டியலோடு நிறுத்துவதும் தவறு. ‘கீழ் வைக்கப்பட்டவை’ என்ற குறிப்பையும், அதாவது வெளியிலிருந்து வந்து டிவிஷனின் உத்தரவில் இயங்கிய படைகளின் பட்டியலையும், பார்க்க வேண்டும். 11-வது ரிசர்வ் போலீஸ் பட்டாலியன் 707-இன் கீழ் இருந்தது. அக்டோபர் 27-இல் அது லிதுவேனியத் துணைப் படையினரோடு பெலாரஸின் ஸ்லுட்ஸ்க் நகரத்தில் புகுந்து யூதர்களைக் கொன்றது. அதைக் கண்டித்து எழுதிய கடிதம் ராணுவக் கோப்பில் பிறந்ததல்ல. அந்த ஊர் ஜெர்மன் சிவில் நிர்வாகி மேலிடத்துக்கு அனுப்பியது. ராணுவக் கோப்புகளை மட்டும் புரட்டுகிறவர் கண்ணில் அது படாமலே போகலாம்.

1944 ஜூனில் பெலாரஸின் பாப்ருய்ஸ்க் நகரத்துக்கு அருகே டிவிஷன் சுற்றி வளைக்கப்பட்டு அழிந்தது. அப்போதைய தளபதி கீர் சோவியத் செம்படையிடம் சிறைப்பட்டார். இத்தகைய முடிவுகளுக்கு நூலாசிரியர்கள் தாராளமாகப் பக்கம் ஒதுக்குகிறார்கள். 1941 அக்டோபருக்கும் அதே அளவு பக்கங்கள் வேண்டும்.