வெள்ளை மாளிகையின் கணக்குப்பிள்ளை

ஜனவரி 6

மார்த்தா ஜாய்ன்ட் குமார் எழுதியதையெல்லாம் வரிசையாகப் படித்துவிடுவது என்று உட்கார்ந்துவிட்டேன். அமெரிக்க ஜனாதிபதிகளுக்கும் பத்திரிகைக்காரர்களுக்கும் நடுவே என்னதான் நடக்கிறது என்று பார்ப்பதே இவருடைய வாழ்நாள் வேலை. மேரிலாந்தில் உள்ள டௌசன் பல்கலைக்கழகத்தில் அரசியல் அறிவியல் பேராசிரியராக இருந்தவர். ஓய்வு பெற்ற பிறகும் இந்த வேலையை விடவில்லை. பெயரைப் பார்த்துவிட்டு "நம்மாளா?" என்றான் தம்பி. இல்லை, அமெரிக்கர்தான்.

ஜெரால்டு ஃபோர்டு ஜனாதிபதியாக இருந்தபோது, 1970களின் நடுவில், வெள்ளை மாளிகையின் நிருபர்கள் பகுதிக்குப் போக ஆரம்பித்தவர். செய்தி எழுதப் போகவில்லை. செய்தி எழுதுகிறவர்களையும் அவர்களுக்குத் தீனி போடுகிறவர்களையும் பார்க்கப் போனார்.

ஜனவரி 8

அந்த நிருபர்கள் பகுதிக்கே ஒரு கதை இருக்கிறது. போலியோவால் கால் செயலிழந்த ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டுக்காக 1933இல் அங்கே நீச்சல் குளம் கட்டினார்கள். நியூயார்க்கில் ஒரு பத்திரிகை முன்னின்று மக்களிடம் வசூலித்த பணம். 1970இல் நிக்சன் அதன் மேல் தளம் போட்டு நிருபர்களுக்குக் கொடுத்துவிட்டார். பத்திரிகைகளைக் கண்டாலே ஆகாத நிக்சன்! இன்று அங்கே 49 நாற்காலிகள். யாருக்கு எந்த நாற்காலி என்று நிருபர்கள் சங்கம்தான் முடிவு செய்து வந்திருக்கிறது.

ஜனவரி 9

1981இல் மைக்கேல் கிராஸ்மனோடு சேர்ந்து எழுதிய புத்தகம். ஒவ்வொரு ஆட்சியிலும் ஜனாதிபதிக்கும் பத்திரிகைகளுக்கும் உள்ள உறவு மூன்று கட்டமாக நகர்கிறது என்கிறார்கள்: முதலில் கூட்டணி, அப்புறம் போட்டி, கடைசியில் விலகல். நிக்சன் பதவியைப் பறித்த வாட்டர்கேட் ஊழலின் சூடு ஆறாத நேரத்தில், இரண்டு தரப்பும் பரம எதிரிகள் என்று ஊரே நம்பிக்கொண்டிருந்தபோது, பழைய செய்திகளை ஆண்டுவாரியாக எடுத்துத் தரம் பிரித்திருக்கிறார்கள். மொத்தமாகப் பார்த்தால் ஜனாதிபதிக்குச் சாதகமான செய்திகளே அதிகம்.

ஜனவரி 13

இன்று முழுக்க எண்ணிக்கைதான். ஜனாதிபதி பத்திரிகையாளரிடம் வாய் திறக்கும் ஒவ்வொரு தடவையையும் இவர் கணக்கெழுதி வைக்கிறார். முறையான செய்தியாளர் சந்திப்பு ஒரு பத்தி. ஹெலிகாப்டருக்கு நடக்கும்போதோ யாரோடாவது கைகுலுக்கும்போதோ நின்று நாலு கேள்விக்குப் பதில் சொன்னால் அது இன்னொரு பத்தி. தனிப் பேட்டி மூன்றாவது.

இப்படிப் பிரிக்காவிட்டால் என்ன ஆகும்? கென்னடி மூன்று வருடம்கூட முடியாத ஆட்சியில் 64 சந்திப்புகள் நடத்தினார். எட்டு வருடம் இருந்த ரீகன் 46. உடனே ரீகன் ஓடி ஒளிந்தார் என்று எழுதிவிடத் தோன்றும். ஆனால் எல்லாச் சந்திப்பும் ஒரே மாதிரி இல்லை. ரூஸ்வெல்ட் வாரம் இரண்டு முறை நிருபர்களைத் தன் மேசையைச் சுற்றி நிற்க வைத்துப் பேசினார். அனுமதி இல்லாமல் அவர் சொன்னதை அப்படியே மேற்கோளாகப் போடக் கூடாது. கென்னடியோ 1961 ஜனவரியிலிருந்து நேரடித் தொலைக்காட்சியில் பேசினார். நாக்கு தவறினால் தவறியதுதான். இரண்டுக்கும் பெயர் என்னவோ செய்தியாளர் சந்திப்புதான்.

மூத்த புஷ் காலத்தில் வழக்கமாகிப்போன கூட்டுச் சந்திப்பு இன்னும் வேடிக்கை. பக்கத்தில் ஒரு வெளிநாட்டுத் தலைவர், இரண்டு மேடை, இரண்டு கொடி. பெரும்பாலும் இந்த நாட்டு நிருபர்களுக்கு இரண்டு கேள்வி, அந்த நாட்டு நிருபர்களுக்கு இரண்டு கேள்வி. முடிந்தது. கேள்வி கொஞ்சம் காரமாக வந்தால் விருந்தாளி பக்கம் திரும்பிக்கொள்ளலாம். ஒரு மணி நேரம் தனியாக நிற்பதையும் இதையும் ஒரே பத்தியில் போட முடியுமா? 2017இல் டிரம்ப் தனியாக நடத்திய முறையான சந்திப்பு ஒன்றே ஒன்று. ஆனால் போகிற வருகிற இடமெல்லாம் நின்று பேசினார். யாரைக் கூப்பிடுவது, எந்தக் கேள்வி காதில் விழவில்லை என்று சொல்வது, எப்போது நடையைக் கட்டுவது, எல்லாம் அவர் கையில். குமாரின் கணக்கில் எனக்குப் பிடித்தது இதுதான்: ஜனாதிபதி எவ்வளவு பேசினார் என்பதைவிட, எந்த இடத்தில் நின்று பேசினார் என்பதை வைத்து ஆளைப் பிடித்துவிடுகிறார்.

ஜனவரி 15

வேலை அதிகம். படிக்கவில்லை.

ஜனவரி 20

பதவியேற்பு நாள் தேதியில் ஆட்சி மாற்றத்தைப் பற்றிப் படிப்பது பொருத்தமாகத்தான் இருக்கிறது. 1978இல் வந்த சட்டப்படி ஜனாதிபதியின் ஆவணங்கள் நாட்டுக்குச் சொந்தம். ஆட்சி முடிந்ததும் தேசிய ஆவணக் காப்பகத்துக்குப் போய்விடும். நல்ல சட்டம். ஆனால் புதிதாக வருகிறவர்களுக்கு அலமாரி காலி! பத்திரிகைச் செயலாளர் காலையில் முதலில் யாரைப் பார்க்க வேண்டும் என்பதைக்கூட யாராவது வாயால் சொல்லித்தான் தெரிய வேண்டும்.

குமாரும் சக ஆய்வாளர்களும் 2000 தேர்தலுக்காக ஒரு திட்டம் தொடங்கினார்கள். அங்கே முன்பு வேலை பார்த்தவர்களைக் கட்சி பார்க்காமல் பேட்டி கண்டு, வரப்போகிறவர்களுக்குக் கொடுத்தார்கள். நிருபர்களை வேடிக்கை பார்க்கப் போனவர், கடைசியில் அந்த வீட்டின் ஞாபகத்தையே சுமக்கும்படி ஆகிவிட்டது. ஆய்வாளர் இவ்வளவு நெருங்கலாமா என்று ஒரு கேள்வி எனக்கு உண்டு. அதிகாரிகளுக்கு உதவிக்கொண்டே அவர்களைக் கறாராக எழுத முடியுமா? இதுவரை படித்ததில் பூசி மெழுகியதாக எனக்குப் படவில்லை. ஆனால் எழுத்தில் கோபம் என்று ஒன்று அறவே இல்லை. அது கொஞ்சம் உறுத்துகிறது.

அடுத்து, இளைய புஷ்ஷிடமிருந்து ஒபாமாவுக்குப் பொறுப்பு கைமாறியதைப் பற்றிய 2015 புத்தகம். 2009 ஜனவரியில், பதவியேற்புக்கு ஒரு வாரம் முன்பு, போகிற அதிகாரிகளையும் வருகிற அதிகாரிகளையும் ஒன்றாக உட்கார வைத்து, தாக்குதல் நடந்தால் என்ன செய்வது என்று ஒத்திகை பார்த்தார்களாம். அந்த அத்தியாயத்தைத்தான் முதலில் எடுக்கப் போகிறேன்.