மம்பட்டி எங்க துருப்பிடிக்கும்?

திருத்துறைப்பூண்டி பக்கம் வீட்டுல உக்காந்தே சென்னை ஸ்டூடியோ ஒண்ணுக்கு கேம் டெக்ஸ்சரிங் பண்றேன், அதாவது கேம்ல வர்ற 3D பொருளுக்கு மேல நிறம், அழுக்கு, தேய்மானம் எல்லாம் போடுற வேலை. உலகம் அழிஞ்சதுக்கப்புறம் மிச்சமிருக்கிறவங்க கதை ஒண்ணு வந்துச்சு, எல்லாமே துரு, அழுக்கு, கிழிசல். கஜா புயல் கரையேறின 2018 நவம்பர் 16 காலையில எங்க தெருவ பாத்தவனுக்கு ரெஃபரன்ஸ் போட்டோ அனுப்புறாங்க, பரவால்ல.

முதல் ப்ராப்பே, அதாவது காட்சியில வர்ற பொருளே, மம்பட்டி. இந்த வேலைக்கான சாஃப்ட்வேர் சப்ஸ்டன்ஸ் பெயிண்டர்ல, ரெடிமேடா இருக்கிற துரு ஸ்மார்ட் மெட்டீரியல இழுத்துப் போட்டு, விளிம்புத் தேய்மானத்த தானா போடுற மெட்டல் எட்ஜ் வேர் ஜெனரேட்டர தட்டினேன், அஞ்சே நிமிஷம், சுத்தி எல்லா விளிம்பும் ஒரே மாதிரி தேஞ்சு பளபளன்னு ஆயிடுச்சு. டீம் லீட் "என்னமோ இடிக்குது"ன்னு திருப்பிட்டாரு. என்ன இடிக்குதுன்னு பின்னாடி நின்ன தாத்தாதான் சொன்னாரு, "ஏன்டா தம்பி, இத வச்சு எவனாச்சும் ஒரு நாள் வரப்பு வெட்டிருக்கானா?"

மோட்டார் கொட்டாய்ல இருந்து அவரு மம்பட்டிய எடுத்து வெயில்ல வச்சுப் பாத்தேன். வாய்ப்பக்கம் துருவே இல்ல, தினம் மண்ணுல உரசி வெள்ளி கணக்கா இருக்கு, அதுலயும் வலது மூலை மட்டும் கூடுதலா தேஞ்சிருக்கு, ஏன்னா அவரு ஒருக்களிச்சுதான் வெட்டுவாரு. துரு பூரா காம்பு மாட்டுற கழுத்துல, களிமண்ணு அப்பிக்கிட்டு ஈரத்த விடாம புடிச்சு வச்சிருக்கிற எடத்துல. காம்புல ரெண்டு கை படுற எடம் மட்டும் எண்ணெ தேச்சாப்ல கறுத்து வழுவழுன்னு, மத்ததெல்லாம் வெளுத்து சொரசொரன்னு. ஜெனரேட்டருக்கு எந்த விளிம்பு துருத்திக்கிட்டு இருக்குன்னு மாடல்ல இருந்து முன்னாடியே எடுத்து (பேக் பண்ணி) வச்ச கர்வேச்சர் மேப், அதாவது மேடு பள்ளம் காட்டுற படம், அத வச்சுத் தெரியும், எது மண்ணுல போகும்னு அதுக்கு யாரு சொல்றது?

அந்த லேயர அழிச்சுட்டு எங்க துரு, எங்க தேய்மானம்னு பிரிக்கிற மாஸ்க் பூரா கையாலயே பெயிண்ட் பண்ணேன், ஒன்றரை நாள் ஆச்சு. கை படுற எடத்துல ரஃப்னஸ (சொரசொரப்பு அளவு) கொறச்சேன். இன்னொரு தப்பும் அப்பதான் கண்ணுல பட்டுச்சு, துரு மேலயும் மெட்டாலிக் அளவ 1-ன்னே, அதாவது முழு உலோகம்னே, விட்டிருந்தேன், துரு இரும்பு ஆக்சைடு, உலோகம் மாதிரி மின்னாது, அங்க 0 போடணும்.

கேரக்டர் சட்டைக்கும் இதே பார்வைதான். தோள்பட்டை வெளுத்து, பாக்கெட் மூடிக்கு அடியில மட்டும் பழைய கலரு, முதுகுல வேர்வை காஞ்ச உப்புக்கோடு. விரலிடுக்குல சேத்துப்புண்ணு கூட வச்சேன், லீட் அது என்னன்னு கேட்டாரு, விளக்கறதுக்குள்ள போதும்னாயிடுச்சு.

எல்லாம் ஓகே ஆகி அனிமேஷன் வந்தப்புறம் பாத்தா அந்த ஆளு இடதுகைக்காரன். தேஞ்ச மூலைய எடுத்து மறுபக்கம் வச்சேன்.