லாக் வரிகளுக்குச் சூழல் தரும் எம்டிசி

ஒரே நேரத்தில் பல கோரிக்கைகளைக் கையாளும் ஜாவா சர்வரின் லாக் கோப்பில் (நிரல் தன் செயல்பாடுகளை வரிவரியாகப் பதியும் கோப்பு) "பணம் செலுத்த இயலவில்லை" என்ற வரி மட்டும் இருந்தால், அது எந்தக் கோரிக்கைக்கு உரியது என்று கண்டறிவது பெரும்பாடு. லாக் எழுத உதவும் எஸ்எல்எஃப்4ஜே நூலகத்தின் எம்டிசி (Mapped Diagnostic Context, பதிவுகளுக்கான சூழல் மதிப்புகளைப் பெயரிட்டு வைத்திருக்கும் வசதி) இதற்காகவே இருக்கிறது: கோரிக்கை உள்ளே நுழையும் ஃபில்டரில் அதன் அடையாள எண்ணை எம்டிசியில் ஒருமுறை இட்டு, வரிகளை எழுதும் லாக்பேக் நூலகத்தின் பேட்டர்னில் (வரியின் வடிவமைப்பில்) அந்த மதிப்புக்கு இட்ட பெயரைக் குறிப்பிட்டுவிட்டால், அந்தக் கோரிக்கைக்காக அதே த்ரெட் (நிரலுக்குள் தனித்து ஓடும் செயல் இழை) எழுதும் ஒவ்வொரு வரியிலும் அந்த எண் தானாகவே இடம்பெறும்.

ஆனால் இம்மதிப்புகள் கோரிக்கையோடு அல்ல, த்ரெட்டோடு பிணைந்தவை. த்ரெட்டுகளை மறுபயன்பாட்டுக்கு வைத்திருக்கும் த்ரெட் பூலில் வேலை முடிந்த த்ரெட் அழியாமல் அடுத்த கோரிக்கைக்குச் செல்வதால், பிழை நேர்ந்தாலும் இயங்கும் ஃபைனலி பகுதியில் மதிப்பை நீக்காவிட்டால் ஒருவருடைய எண் இன்னொருவருடைய பதிவில் ஏறிவிடும். சூழலே இல்லாத பதிவைவிட இது மோசமானது என்பேன். லாக்பேக் 1.1.5 முதல் புதிதாக உருவாகும் துணை த்ரெட்டுகளுக்கும் இவை தாமாகச் செல்வதில்லை. எனவே பணிகளை வேறு த்ரெட்டுகளில் இயக்கும் எக்ஸிக்யூட்டரிடம் பணியை ஒப்படைக்கும் முன் எம்டிசியின் மேப்பை (அதிலுள்ள மதிப்புகளின் தொகுப்பை) நகலெடுத்து, பணியின் தொடக்கத்தில் அதை மீண்டும் வைத்து, முடிவில் தவறாமல் நீக்க வேண்டும். கடவுச்சொல், அட்டை எண் போன்றவற்றை எம்டிசியில் ஒருபோதும் இடக்கூடாது.