கூலி ஏட்டில் இடம்பெறாத வேலை

வடக்கு ஆஸ்திரேலியாவில் காட்டுத்தீ மேலாண்மைக்கான வரைபடங்களைத் தயாரிப்பது என் தொழில். டார்வின் நகர அலுவலகத்தில் செயற்கைக்கோள் படங்களை வைத்துக்கொண்டு, எந்த மாதத்தில் எந்த நிலம் எரிந்தது என்று பிரித்துக் குறிப்பதும், அந்தக் குறிப்பு சரிதானா என்று நேரில் போய்ப் பார்ப்பதும் அதில் அடங்கும். டார்வினுக்குக் கிழக்கே, தொல்குடி மக்களுக்குச் சொந்தமான ஆர்னம் லேண்டின் மேற்குப் பகுதியில், நிலத்தைப் பராமரிக்கும் தொல்குடி ரேஞ்சர் குழுக்களோடு பழகும் வாய்ப்பு அப்படித்தான் கிடைத்தது. தொலைதூரப் பகுதிகளைப் பற்றிய அரசு அறிக்கைகளைப் படிப்பவருக்கு, அங்கே பொருளாதாரம் என்று ஒன்று இல்லை, உதவித்தொகை மட்டுமே இருக்கிறது என்ற எண்ணம் எளிதில் வந்துவிடும். நான் கண்டதோ, ஆண்டு முழுவதும் நடக்கும், மிகுந்த அறிவைக் கோரும் ஒரு வேலையை. அந்த வேலையின் முக்கால் பங்கு எந்தக் கூலி ஏட்டிலும் ஏறுவதில்லை என்பதே என் மனத்தை விட்டு அகலாத செய்தி.

அந்த நிலத்தின் இயல்பை முதலில் சொல்ல வேண்டும். மழை ஓய்ந்ததும், ஆளுயரத்துக்கு மேல் வளர்ந்த காட்டுச் சோளப்புல் காய்ந்து சாயத் தொடங்கும். குன்விஞ்கு மொழி பேசும் மக்கள் ஆண்டை 6 பருவங்களாகப் பகுத்திருக்கிறார்கள். அவற்றுள் 'யெக்கெ' என்னும் குளிர்ந்த வறட்பருவத்தில் புல் ஓரிடத்தில் காய்ந்தும் அடுத்த இடத்தில் ஈரமாகவும் இருக்கும். அப்போது வைக்கும் தீ தாழ்வாகப் படர்ந்து, ஓடைக்கரை ஈரத்திலும் இரவுப் பனியிலும் தானாகவே அடங்கிவிடும். அந்தப் பருவத்தில் எரிக்காமல் விட்டுவிட்டால், அக்டோபர் வாக்கில் ஒரு மின்னல் போதும். தீ நாள்கணக்கில் ஓடும், சைப்ரஸ் பைன் மரங்களைக் கருக்கும், வேறெங்கும் இல்லாத ஆன்பினிக் காடுகளின் விளிம்பைத் தின்னும். இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்குள் மேற்கு ஆர்னம் லேண்டின் பீடபூமியில் வாழ்ந்த மக்கள், கிறித்தவ மிஷன் குடியிருப்புகளுக்கும் எருமை வேட்டை முகாம்களுக்கும் சுரங்கங்களுக்கும் நகர்ந்துவிட, நிலம் ஆளின்றிக் கிடந்தது. வறட்சியின் பின்பருவத்தில் பெருந்தீ வழக்கமாகிப்போனது அதன் பிறகுதான். 1970-களில் குடும்பங்கள் சிறுசிறு குடியிருப்புகளாகத் தம் மண்ணுக்குத் திரும்பத் தொடங்கின. பீடபூமியில் பிறந்து வளர்ந்த பெரியவரும் ஓவியருமான, மறைந்த லாஃப்டி பர்டயல் நஜமெரெக், பழைய எரிப்பு முறையை விஞ்ஞானிகளோடு சேர்ந்து மீட்டெடுத்ததில் முதன்மையானவர்.

அந்த முயற்சிக்கு 2006-ல் ஒரு வணிக வடிவம் கிடைத்தது. டார்வினில் இயற்கை எரிவாயுவைத் திரவமாக்கும் ஆலையை நடத்திய கோனோகோபிலிப்ஸ் நிறுவனம், தன் உமிழ்வுக்கு ஈடாக ஆண்டுதோறும் சுமார் 10 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் தருவதாக 17 ஆண்டுகளுக்கு ஒப்புக்கொண்டது. ரேஞ்சர்கள் ஏறத்தாழ 28,000 சதுர கிலோமீட்டர் பரப்பில் வறட்சியின் முன்பருவத்தில் எரித்து, ஆண்டுக்கு 1,00,000 டன் கார்பன் டை ஆக்சைடுக்கு நிகரான வாயுக்களைக் குறைக்க வேண்டும் என்பது உடன்பாடு. புல் மறுபடி வளரும்போது கார்பன் டை ஆக்சைடைத் திரும்ப எடுத்துக்கொள்வதால், மீத்தேனும் நைட்ரஸ் ஆக்சைடும் மட்டுமே அதில் கணக்கில் வந்தன. பின்னர் இந்த முறை, குறைத்த உமிழ்வை விற்கத்தக்க வரவாக மாற்றித் தரும் தேசிய கார்பன் வரவுச் சட்டத்துக்குள் சேர்க்கப்பட்டு, வடக்கில் பல குழுக்களுக்கு வருவாயாக மாறியது.

வேலை எப்படி நடக்கிறது என்பதைச் சற்று விரித்துச் சொல்கிறேன், ஏனெனில் செய்திக் கட்டுரைகளில் ஹெலிகாப்டர் மட்டுமே தெரிகிறது. எரிப்புக்கு முன் ஒரு கூட்டம் கூடும். நாங்கள் அச்சிட்டுக் கொண்டுபோன வரைபடத்தைத் தரையில் விரித்து நான்கு மூலைகளிலும் கல் வைப்பார்கள். கடந்த ஆண்டுகளில் எரிந்த இடங்கள் வண்ணவண்ணமாக அதில் இருக்கும். எங்கே தீ வைக்கலாம் என்பதைச் சொல்லும் உரிமை, தந்தைவழியில் அந்த நிலத்துக்கு உரியவர்களுக்கு உண்டு. அது தங்கள் தாயின் நிலம் என்பதால் அதைக் காக்கும் கடமை கொண்ட 'ஜுங்காய்' என்போரின் ஒப்புதலும் வேண்டும். இரு தரப்பும் வந்து சேராமல் ஒரு கோடுகூட வரையப்படுவதில்லை. சில பகுதிகளுக்கு உரியவர்கள் தொலைவிலுள்ள ஊர்களில் இருப்பார்கள். அவர்களைத் தேடிப் பிடிப்பதும், பேசுவதும், ஒரு சாவு நேர்ந்திருந்தால் சடங்குகள் முடியும்வரை காத்திருப்பதும் எரிப்புத் திட்டத்தின் பகுதியே. அதன் பிறகுதான் ஹெலிகாப்டரில் ஏறுகிறார்கள். பொட்டாசியம் பெர்மாங்கனேட் அடைத்த சிறு பிளாஸ்டிக் உருண்டைகளுக்குள் ஒரு கருவி கிளைக்கால் (glycol) என்னும் திரவத்தைச் செலுத்திக் கீழே போட, தரையில் விழுந்த சில நொடிகளில் அவை பற்றிக்கொள்கின்றன. ஓடைகளை ஒட்டியும் பாறை விளிம்புகளை ஒட்டியும் இப்படிக் கோடு போட்டு எரித்தால், பின்பருவத்தில் பெருந்தீ வந்தாலும் அது அந்தக் கோட்டில் முட்டி நிற்கும். மீறி வந்தால், முதுகில் மாட்டிய இலை ஊதும் எந்திரங்களால் சருகைத் தள்ளி, தீயின் ஓரம் பற்றியே நடந்து அணைக்கிறார்கள். பகல் வெயில் கொளுத்தும் மாதங்களில் அந்த வேலையை இரவிலும் செய்கிறார்கள்.

ஹெலிகாப்டர் போக முடியாத, அல்லது போகக் கூடாத இடங்களுக்குக் குடும்பம் குடும்பமாக நடந்து போய் எரிப்பார்கள். அப்படியொரு நடையில் கலந்துகொண்டபோது, வயது முதிர்ந்த ஓர் அம்மாள் புல்லின் தண்டை உள்ளங்கையில் வைத்துக் கசக்கி, முறியும் ஓசையைக் கேட்டு, "இங்கே வேண்டாம், நாளைக்கு" என்று சொல்லிவிட்டு நடந்தார். அடுத்த திருப்பத்தில் பாறைக்குக் கீழே இருந்த புல்லுக்குத் தாமே தீ வைத்தார். அது பாறையடி வரை ஏறி நின்றுவிட்டது. பாறையின் மறுபக்கத்தில் ஓவியங்கள் இருந்தன. காற்று எப்படித் திரும்பும், எந்தக் கிழங்குக் கொடி இன்னும் தோண்டப்படவில்லை, கங்காருக்கள் புதுத் தளிருக்கு எங்கே வந்து நிற்கும் என்பதையெல்லாம் பேரப்பிள்ளைகளிடம் சொல்லிக்கொண்டே போனார். அலுவலகம் திரும்பி அந்த நடையைச் செயற்கைக்கோள் படத்தில் தேடினேன். படத்தின் ஒரு புள்ளியான 250 மீட்டர் சதுரத்தைக்கூட நிரப்பாத சின்னஞ்சிறு தீக்கள் அவை. படத்தில் எதுவும் பதியவில்லை. ஹெலிகாப்டர் வாடகைக்கும் எரிபொருளுக்கும் என் சம்பளத்துக்கும் திட்டக் கணக்கில் தனித்தனிச் செலவுத் தலைப்பு உண்டு. அந்த அம்மாளின் தீர்மானத்துக்கு ஒரு தலைப்பும் இல்லை. ஆனால் அந்தத் தீர்மானம்தான் மற்ற எல்லாச் செலவுகளுக்கும் பொருள் தருகிறது.

இந்தப் புறக்கணிப்பு தீ வேலையோடு தொடங்கியதல்ல. ஆர்னம் லேண்டின் கடற்கரை மக்கள், ஆங்கிலேயர் அங்கே வருவதற்கு முன்பே இன்றைய இந்தோனேசியாவின் மக்காசாரிலிருந்து வந்த மரக்கலங்களோடு கடலட்டை வாணிபத்தில் சேர்ந்திருந்தவர்கள். அந்த வாணிபத்தை 1907-ல் நிறுத்தியது அரசாங்கம். வடக்கின் மாட்டுப் பண்ணைகளோ தொல்குடி மாடோட்டிகள் இல்லாமல் ஒரு நாள்கூட நடந்திருக்க முடியாது. மாவும் சர்க்கரையும் தேயிலையும் இறைச்சியும் புகையிலையுமே அவர்களில் பலருக்குக் கூலியாக இருந்தன. பிரிட்டனின் வெஸ்டி நிறுவனத்துக்குச் சொந்தமான வேவ் ஹில் மாட்டுப் பண்ணையிலிருந்து 1966 ஆகஸ்ட் மாதம் வின்சென்ட் லிங்கியாரியின் தலைமையில் சுமார் 200 குரிஞ்சி தொல்குடி மக்கள் வெளியேறியபோது, உலகம் அதைக் கூலிப் போராட்டமாகவே முதலில் பார்த்தது; அவர்கள் கேட்டதோ தங்கள் நிலத்தை. தொல்குடி மாடோட்டிகளுக்கும் சம ஊதியம் தர வேண்டும் என்ற தீர்ப்பு 1968 டிசம்பரில் நடைமுறைக்கு வந்ததும், பல பண்ணையாளர்கள் சம ஊதியம் தருவதைவிட ஆட்களை வெளியேற்றுவதே மேல் என்று முடிவெடுத்தார்கள். தலைமுறைகளாக ஒரு தொழிலைத் தாங்கிய மக்கள் அடுத்த சில ஆண்டுகளிலேயே 'வேலையற்றோர்' என்று பதிவானார்கள். இன்றைய புள்ளிவிவரங்களைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு இந்த வரலாறு நினைவுக்கு வருகிறது.

1977-ல் தொடங்கிய சமுதாய வேலைவாய்ப்புத் திட்டம் இந்தக் குறையைப் பெருமளவு சரிசெய்தது என்பது என் கருத்து. தனித்தனியே வரவேண்டிய வேலையில்லா உதவித்தொகையை ஊர் அமைப்பு மொத்தமாகப் பெற்று, ஊர் தீர்மானித்த வேலைக்குக் கூலியாகத் தந்தது. பல ரேஞ்சர் குழுக்கள் அந்த மடியில் பிறந்தவை. அத்திட்டம் படிப்படியாகக் கலைக்கப்பட்டு, 2015-ல், உதவித்தொகை பெறுவோர் வாரத்துக்கு 25 மணி நேரம் ஒதுக்கப்பட்ட பணிகளுக்குக் கட்டாயமாக வந்து போக வேண்டும், தவறினால் தொகை வெட்டப்படும் என்ற ஏற்பாடு வந்தது. வேட்டைக்கும் சடங்குக்கும் எரிப்புக்கும் போனவர்கள் வராதவர்களாக எண்ணப்பட்டு அபராதம் கட்டினார்கள். ஆர்னம் லேண்டின் மனிங்கிரிடா வட்டாரத்தில் 1979 முதல் ஆய்வு செய்துவந்த பொருளியலாளர் ஜான் ஆல்ட்மன், சந்தை, அரசு, மரபுவழி உழைப்பு ஆகிய மூன்றும் பின்னிய கலப்புப் பொருளாதாரம் என்று இதை விளக்கியிருக்கிறார். கட்டாய ஏற்பாடு அந்த மூன்றாவது இழையை அறுத்துக்கொண்டே இருந்தது. 2021-ல் கட்டாயம் நீக்கப்பட்டது.

மழை குறைந்த மையப் பாலைநிலத்தில் இந்தத் தீத் திட்டங்களுக்கு இடமில்லை. அங்கே வருவாய் ஓவியங்களிலிருந்து வருகிறது, ஆனாலும் அதே குறை உண்டு. ஓவியர் கிளிஃபர்ட் பாசம் ஜபல்ஜாரியின் 'வார்லுகுலாங்' என்னும் ஓவியம் 1977-ல் 1,200 டாலருக்கு விலைபோனது. 2007-ல் தேசியக் கலைக்கூடம் அதை 24 லட்சம் டாலருக்கு வாங்கியது. மறுவிற்பனையில் ஓவியருக்கோ வாரிசுக்கோ 5 சதவீதம் தரும் சட்டம் 2010-ல்தான் நடைமுறைக்கு வந்தது. சுரங்கங்களைப் பற்றி ஒன்றே சொல்வேன்: 1976-ன் நில உரிமைச் சட்டம், சுரங்கம் வேண்டாம் என்று சொல்ல நில உரிமையாளர்களுக்கு மற்ற இடங்களில் தந்த மறுப்புரிமையை, 'ரேஞ்சர்' என்ற பெயருடைய யுரேனியச் சுரங்கத்துக்கு மட்டும் விலக்கிவைத்தது. அந்த நிலத்துக்குரிய மிரார் மக்கள் விரும்பாத அந்தச் சுரங்கம் 2021-ல் உற்பத்தியை நிறுத்தும்வரை, அப்பகுதியின் 'வளர்ச்சி' என்றே அதைக் குறிப்பிட்டார்கள்.

நான் பணியாற்றும் குழுக்களில் ஒன்று, முதியோருக்கான ஆலோசனைக் கட்டணத்தையும், நில உரிமையாளர்களை அழைத்துவரும் பயணச் செலவையும், நடந்து எரிக்கும் குடும்பங்களுக்கான உணவையும் கூலியையும் ஆண்டுத் திட்டத்தில் தனிச் செலவுத் தலைப்புகளாகச் சேர்த்துவிட்டது. கார்பன் வருவாய் குழுவின் சொந்தப் பணம் என்பதால் யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியிருக்கவில்லை. மானியம் தரும் அமைப்புகளிடம் அதே தலைப்புகளை முன்வைத்தபோது, பயணச் செலவை ஏற்றார்கள். முதியோர் கட்டணத்துக்கு மணிக்கணக்குப் பதிவேடு கேட்டார்கள். அந்தப் பதிவேட்டை எந்த வடிவில் வைத்தால் ஜுங்காய்களுக்கும் ஏற்புடையதாக இருக்கும், தணிக்கையாளருக்கும் போதுமானதாக இருக்கும் என்பதை இப்போது குழுவோடு உட்கார்ந்து வரைந்துகொண்டிருக்கிறோம். அடுத்த யெக்கெ தொடங்குவதற்குள் அது முடிந்தாக வேண்டும்.